பாட்டுக்குப் பக்கத்தில் நின்ற குரல்: பி.எச். அப்துல் ஹமீத்

போன எபிசோட் முடிவுல சும்மா ஒரு கேள்வி போட்டிருந்தேன். தமிழ் டிவில பாட்டு நிகழ்ச்சி நடத்தினவங்கள்ல உங்களுக்கு முதல்ல ஞாபகம் வர்றது யாரு? பாதிப் பேர் பெப்சி உமானு எழுதியிருந்தீங்க, எதிர்பார்த்ததுதான். 'சப்தஸ்வரங்கள்' ஏ.வி. ரமணன், ஜேம்ஸ் வசந்தன், ரெண்டு பேருக்கும் நல்ல ஓட்டு. ஒரு மெயில் மட்டும் தனியா நின்னுச்சு. "அப்பாகிட்ட கேட்டேன், யோசிக்காம அப்துல் ஹமீத்னு சொன்னார். எனக்கு யாருன்னு தெரியல." இந்த எபிசோட் அந்த மெயிலுக்குத்தான்.

முப்பது வயசுக்குக் கீழ இருக்கிறவங்களுக்கு ஒரு வரில சொல்லிடறேன். கோட்டு, சிரிச்ச முகம், கையில மைக், எதிர்ல வரிசையா சாதாரண ஜனங்க. "பாட்டுக்குப் பாட்டு" நிகழ்ச்சி, சன் டிவி, நகைக்கடை ஸ்பான்சர். "லலிதாவின் பாட்டுக்குப் பாட்டு"னு சொன்னா வீட்ல பெரியவங்க கண்டிப்பா ஒரு தடவை தலையாட்டுவாங்க. அந்த மைக்குக்குப் பின்னாடி இருந்தவர்தான் பி.எச். அப்துல் ஹமீத். கொழும்புக்காரர். ஒரு கொழும்பு முஸ்லிம் எப்படி சென்னை ஹால்ல இருக்கிற டிவிக்குள்ள வந்தாரு, வந்து என்ன பண்ணாருங்கிறதுதான் கதை.

கொஞ்சம் பின்னாடி போகணும். சென்னை தூர்தர்ஷன் 1975 ஆகஸ்ட் 15-ல ஆரம்பிச்சது. சேப்பாக்கம் பக்கம் சுவாமி சிவானந்தா சாலைல போறப்ப அந்தக் கட்டடத்தைப் பார்த்திருப்பீங்க. அதுல வந்த 'ஒளியும் ஒலியும்' பத்தி நம்ம அப்பா அம்மா தலைமுறை ஒரு மாதிரி பக்தியோட பேசும். வெள்ளிக்கிழமை ராத்திரி, தெருவே ஒரு வீட்டு டிவி முன்னாடி உக்காந்திருக்கும். ஆனா அந்த நிகழ்ச்சியை நடத்தினது யாருன்னு கேட்டுப் பாருங்க. யாருக்கும் பதில் தெரியாது, ஏன்னா நடத்தினவர்னு ஒருத்தர் திரைல கிடையாது. ஒரு பாட்டு, அடுத்த பாட்டு, முடிஞ்சது. இன்னைக்கு நம்ம ஆப்ல ஓடுற பிளேலிஸ்ட் மாதிரியேதான்.

பாட்டுக்கும் கேக்கறவங்களுக்கும் நடுவுல ஒரு ஆள் நிக்கிற பழக்கம் டிவில பொறக்கல, ரேடியோல பொறந்தது. அதுவும் நம்ம ரேடியோல இல்ல.

1952-ல பி.வி. கேஸ்கர் மத்திய தகவல் ஒலிபரப்பு அமைச்சர் ஆனார். கர்நாடக சங்கீதம், இந்துஸ்தானி, இதெல்லாம் அவருக்கு உயிர். சினிமாப் பாட்டு அவருக்கு ஆகாது. ஆல் இந்தியா ரேடியோல சினிமாப் பாட்டு கிட்டத்தட்ட காணாமப் போச்சு. அந்தப் பக்கம் கொழும்புல ரேடியோ சிலோன் 1950-லயே வர்த்தக சேவை தொடங்கியிருந்தது. அவங்ககிட்ட இன்னொரு சொத்தும் இருந்தது. ரெண்டாம் உலகப் போர் நேரத்துல பிரிட்டிஷ் ராணுவம் தன்னோட சிப்பாய்களுக்காக அங்க ஒரு பெரிய டிரான்ஸ்மிட்டர் வச்சிருந்தது. போர் முடிஞ்சதும் அது ரேடியோ சிலோன் கைக்கு வந்துச்சு. ராணுவத்துக்காகக் கட்டின உள்கட்டமைப்பு கடைசில சினிமாப் பாட்டுக்குப் பயன்பட்டுச்சு. இன்டர்நெட் கதையும் ஏறக்குறைய இதேதானே, சரி விடுங்க.

மொத்த இந்தியாவும் கொழும்பு பக்கம் திரும்புச்சு. இந்திக்காரங்களுக்கு அமீன் சயானியோட 'பினாகா கீத்மாலா', 1952 டிசம்பர்ல இருந்து. பம்பாய்ல பதிவு பண்ணி, கொழும்புக்கு அனுப்பி, அங்கேருந்து திரும்ப இந்தியாவுக்கு ஒலிபரப்பாகும். தமிழ்ல எஸ்.பி. மயில்வாகனன். மெட்ராஸ்லயும் மதுரைலயும் அவர் குரல் தெரியாத வீடு கிடையாது. 1957 அக்டோபர்ல இந்திய அரசு வழிக்கு வந்து விவித்பாரதி ஆரம்பிச்சது. ஆனா அதுக்குள்ள அஞ்சு வருஷம் ஓடிப் போச்சு, ஜனங்களுக்குக் கொழும்புக் குரல்கள் பழகிப் போச்சு. 

அந்த நிலையம் 1967-ல இலங்கை ஒலிபரப்புக் கூட்டுத்தாபனம் ஆச்சு. கூட்டுத்தாபனம்! நாம கார்ப்பரேஷன்னு சொல்லிட்டுப் போறதை அவங்க இப்படித்தான் சொல்வாங்க. இந்த வித்தியாசம் முக்கியம், கொஞ்ச நேரத்துல திரும்ப வரேன். ஹமீத் இளம் வயசுலயே அந்த வளாகத்துக்குள்ள நுழைஞ்சவர். அறிவிப்பாளர், நாடக நடிகர், தயாரிப்பாளர், எல்லாமே அங்கேதான் கத்துக்கிட்டார். அங்க யாரையும் 'ஆங்கர்', 'காம்பியர்'னு சொல்றதில்ல, அறிவிப்பாளர்தான். அந்தச் சொல்லுல ஒரு தொழில் கௌரவம் இருக்கு. பாட்டு போடுறதுக்கு முன்னாடி படம், பாடினவர், எழுதினவர், இசையமைச்சவர், எல்லாத்தையும் சொல்லணும். தப்பாச் சொன்னா அடுத்த வாரம் கடிதம் வந்து குவியும்.

அந்தக் காலத்துல அவர் பண்ணின ஒரு விஷயம் எனக்கு ரொம்பப் பிடிக்கும். 'கோமாளிகள் கும்மாளம்'னு ஒரு வானொலி நகைச்சுவைத் தொடர். நாலு முக்கியமான ஆளுங்க, நாலு விதமான தமிழ். எஸ். ராம்தாஸ் மரிக்கார்ங்கிற முஸ்லிம் கதாபாத்திரம். டி. ராஜகோபால் யாழ்ப்பாணத் தமிழ் பேசுற அப்புக்குட்டி. எஸ். செல்வசேகரன் சிங்கள வாடையோட தமிழ் பேசுற உபாலி. நாலாவது ஐயர். அந்த ஐயர்தான் நம்ம அப்துல் ஹமீத். ராம்தாஸ் மரிக்காராவும் ஹமீத் ஐயராவும்! 1976-ல இது 'கோமாளிகள்'னு சினிமாவாவும் வந்துச்சு. மயிலாப்பூர்ல பொறந்து வளர்ந்தவன்கிற முறைல சொல்றேன், ஐயர் பாஷையைக் கிண்டல் பண்றது சுலபம், அதுக்கு ரெண்டு 'அவா', மூணு 'இவா' போதும். வாரா வாரம் ரேடியோல, முகம் தெரியாம, குரலால மட்டும் அந்த ஆளாவே இருக்கிறது வேற விஷயம்.

இதை ஏன் இவ்வளவு நேரம் சொல்றேன்னா, எந்த ஊர்த் தமிழையும் எடுத்துப் போட்டுக்கத் தெரிஞ்ச ஒரு மனுஷன், டிவில வந்து நின்னப்போ எந்த ஊர்த் தமிழையும் பேசல. அது தற்செயலா நடந்ததுன்னு நான் நம்பல.

இப்போ 'பாட்டுக்குப் பாட்டு'க்கு வரேன். டிவிக்கு முன்னாடியே இலங்கை வானொலில அவர் நடத்தினது இது. அடிப்படை அந்தாக்ஷரிதான். ஜீ டிவில அன்னு கபூர் நடத்தின 'அந்தாக்ஷரி' 1993-ல வந்தது, அதோட தமிழ் காப்பிதான் இதுனு நினைக்கிறவங்க நிறைய பேர் இருக்காங்க. இல்ல, இதோட வேர் வானொலில இருக்கு. 

இங்க என் இன்ஜினியர் மூளை கொஞ்சம் வேலை செய்யும், பொறுத்துக்கோங்க. அந்தாக்ஷரி விதியைத் தமிழ்ல அப்படியே போட்டா ஆட்டம் ரெண்டு நிமிஷத்துல கிராஷ் ஆயிடும். ஏன்? தமிழ்ல நிறைய வார்த்தைங்க மெய்யெழுத்துல முடியும். ன், ம், ல், ள், ர். மெய்யெழுத்துல எந்த வார்த்தையும் ஆரம்பிக்காது. சரி, அதோட உயிர்மெய்யை எடுத்துக்கலாம்னா, ன, ள, ழ, ற, ண இதெல்லாம் தமிழ்ல சொல்லுக்கு முதல்லயே வராது. 247 எழுத்துனு பெருமையாச் சொல்றோம், அதுல ஒரு சொல்லை ஆரம்பிக்கத் தகுதி உள்ளது கொஞ்சம்தான். அதனால தமிழ்ல இந்த ஆட்டத்தை நடத்தறதுக்கு, எழுத்தைத் தேர்ந்தெடுத்துக் குடுக்க ஒரு ஆள் வேணும். அந்த ஆளுக்கு மொழியும் தெரியணும், அந்த எழுத்துல எத்தனை பாட்டு இருக்குங்கிற கணக்கும் தெரியணும். 'க' குடுத்தா ஆயிரம் பாட்டு. 'ஙே'னு முழிக்க வைக்கிற எழுத்தைக் குடுத்தா எதிர்ல நிக்கிறவர் கதை முடிஞ்சது. குறிலா நெடிலாங்கிறதுலயே ஆட்டம் மாறிடும். எழுத்தை வீசுறவர் கையிலதான் ஆட்டத்தோட கஷ்டமே இருக்கு. வெளிய பாக்குறதுக்கு அவர் சும்மா சிரிச்சுக்கிட்டு நிக்கிற மாதிரி இருக்கும்.

இந்த வடிவம் நமக்குப் புதுசும் இல்ல. ஒரு பாட்டு முடியற இடத்துல அடுத்தது ஆரம்பிக்கணும்னா அது அந்தாதி. மயிலாப்பூர் அருண்டேல் தெருல பேயாழ்வார் அவதாரம் பண்ணின கிணறுனு ஒரு இடத்தைக் காட்டுவாங்க. அவர் எழுதின மூன்றாம் திருவந்தாதி நூறு வெண்பா, எல்லாம் இப்படி ஒண்ணோட ஒண்ணு கோத்தது. ஆயிரம் வருஷத்துக்கு மேல பழைய தந்திரம் இது. ஞாபகம் வச்சுக்கிறதுக்குன்னே செஞ்சது மாதிரி இருக்கும்.

சன் டிவி 1993 ஏப்ரல் 14, தமிழ்ப் புத்தாண்டு அன்னிக்கு ஆரம்பிச்சது. முதல் பல வருஷம் தேனாம்பேட்டை அண்ணா அறிவாலயத்துல இருந்துதான் இயங்குச்சு. புது சேனல், நிறைய நேரத்தை நிரப்பணும். 'பாட்டுக்குப் பாட்டு' மாதிரி ஒரு நிகழ்ச்சிக்கு பெரிய செட் வேணாம், ஸ்டார் வேணாம். மேடை, மைக், பாட்டு ஞாபகம் இருக்கிற ஜனங்க. ஆனா ஒரே ஒரு ஆள் மட்டும் சரியா அமையணும். 

எங்க வீட்ல அந்த நிகழ்ச்சி ஓடறப்ப ரெண்டு போட்டி நடக்கும். ஒண்ணு டிவிக்கு உள்ள, இன்னொண்ணு வெளிய. பாட்டி கறிகாய் நறுக்கிக்கிட்டே, ஸ்கிரீனைப் பாக்காமலே, எழுத்து காதுல விழுந்த அடுத்த விநாடி ஆரம்பிச்சிடுவா. எப்பவும் கருப்பு வெள்ளைப் படப் பாட்டு. நான் சொல்ற ரஹ்மான் பாட்டையெல்லாம் "இது செல்லாது"ன்னு தள்ளுபடி பண்ணுவா. யாராவது ஒரு வரியைத் தப்பாப் பாடினா ஹமீத் சரியான வரியைச் சொல்வார். பாட்டி அதுக்காகவே காத்திருப்பா, தான் நினைச்ச வரியும் அதுவும் ஒண்ணா இருக்கானு பாக்க.

இப்போ அந்த மொழி விஷயத்துக்குத் திரும்பறேன். 

ஹமீத் மேடைல பேசின தமிழ்ல இங்கிலீஷ் கிட்டத்தட்ட கிடையாது. வினைச்சொல்லை முழுசா உச்சரிப்பார். நாம 'பாடிருக்கீங்க'னு முழுங்குற இடத்துல அவர் 'பாடியிருக்கிறீர்கள்'. ழகரம் ழகரமாவே இருக்கும். ஆனா மேடைப்பேச்சுத் தமிழ் மாதிரி மிரட்டாது, நிதானமாப் போகும். எதிர்ல நிக்கிறவர் "சார், டென்ஷனா இருக்கு சார்"னு சொன்னா அதையும் அப்படியே ஏத்துக்குவார். அவங்க மொழி அவங்களுக்கு, இவர் மொழி இவருக்கு. கேக்கறவங்களுக்கு இவர் எந்த ஊர், எந்த சாதி, எந்த மதம்னு குரலை வச்சு மட்டும் கண்டுபிடிக்க முடியாது. 

இது எந்தக் காலம்னு யோசிச்சுப் பாருங்க. தொண்ணூறுகள். 1991 மே மாசம் ஸ்ரீபெரும்புதூர்ல ராஜீவ் காந்தி கொல்லப்பட்டதுக்கு அப்புறம் சென்னைல இலங்கைத் தமிழ் பேசுறதே ஒரு பிரச்சினை. வீடு வாடகைக்குக் கிடைக்காது. போலீஸ் ஸ்டேஷன்ல பதிவு பண்ணணும். என்கூட காலேஜ்ல படிச்ச ஒரு நண்பனோட குடும்பம் 1990-ல யாழ்ப்பாணத்துல இருந்து வந்தது. அவன் அம்மா தி.நகர் மார்க்கெட்டுக்குப் போனா முடிஞ்ச வரைக்கும் வாயைத் திறக்க மாட்டாங்களாம். திறந்தா 'ஓம்' வந்துடும், 'கதைக்கிறது' வந்துடும், உடனே எதிர்ல இருக்கிறவர் ஒரு மாதிரி பாப்பார். கைய நீட்டி, விரலைக் காட்டி காய் வாங்குவாங்க. யாராவது எந்த ஊர்னு கேட்டா திருச்சிப் பக்கம்னு சொல்லிடுவாங்க. 

அதே வீட்ல ஹமீத் டிவில வந்தா சத்தத்தைக் கூட்டி வைப்பாங்களாம். அம்மா சொல்ற ஒரே வார்த்தை, "எங்கட ஆள்." 

நண்பன் இதைச் சொன்னப்போ எனக்கு அது இனிமையான கதையா மட்டும் படல. ஏன்னா ஹமீத் யாழ்ப்பாணத்துக்காரர் இல்ல, கொழும்பு முஸ்லிம். அந்தக் குடும்பம் கிளம்பி வந்த அதே 1990-ல, அக்டோபர் மாசம், வடக்குல இருந்த முஸ்லிம்கள் மொத்தப் பேரையும் புலிகள் வெளியேத்தினாங்க. பல தலைமுறையா அங்க வாழ்ந்தவங்க, வீட்டையும் கடையையும் விட்டுட்டுப் போனாங்க. தமிழ் பேசுற முஸ்லிமும் தமிழரும் ஒண்ணா இல்லையாங்கிறது அங்க ரத்தம் சிந்தின கேள்வி. கே.எஸ். ராஜானு இன்னொரு பெரிய அறிவிப்பாளர், ஹமீத் காலத்தவர், அவரையே 1994-ல கொழும்புல கொன்னுட்டாங்க. அந்த வருஷங்கள்ல, சென்னைல வாயைத் திறக்கப் பயந்த ஒரு யாழ்ப்பாணத்து அம்மா, ஒரு கொழும்பு முஸ்லிமைப் பாத்து 'எங்கட ஆள்'ங்கிறாங்க. மாடி வீட்ல இருக்கிற அவங்க ஹவுஸ் ஓனரும் அதே நேரம் அதே நிகழ்ச்சியை ரசிச்சுப் பாத்துக்கிட்டு இருப்பார், இவர் எந்த நாட்டுக்காரர்னு ஒரு நிமிஷம்கூட யோசிக்காம. 

அவரோட அந்தப் பொதுத் தமிழ்தான் இதைச் சாத்தியமாக்குச்சுனு நான் நினைக்கிறேன். இதுல ஒரு விலையும் இருக்கு, அதையும் சொல்லணும். சென்னை அவரை ஏத்துக்கிட்டது அவர் இலங்கைத் தமிழைப் பேசாததால. அதையே அந்த அம்மா பேசினா மார்க்கெட்ல மரியாதை கிடைக்கல. ஒரு குரலைக் கொண்டாடின ஊர் அந்தக் குரலோட சொந்த ஊர்ப் பேச்சைச் சந்தேகப்பட்டுச்சு. ரெண்டும் ஒரே நேரத்துல உண்மை. 

கொஞ்ச வருஷம் கழிச்சு 2000-ல 'தெனாலி' வந்துச்சு. கே.எஸ். ரவிகுமார் படம், கமல் இலங்கைத் தமிழரா நடிச்சார். அந்தப் பேச்சுக்குக் கமலுக்குத் துணையா நின்னது ஹமீத். தியேட்டர்ல ஜனங்க சிரிச்சாங்க. கேலியாவா, பிரியமாவா? ரெண்டும் கலந்துதான் இருந்திருக்கும். என் நண்பன் வீட்ல அந்தப் படத்தை எத்தனை தடவை பாத்தாங்கன்னு கணக்கே இல்லையாம். டிவில தன் ஊர்ப் பேச்சை ஒதுக்கி வச்சிருந்தவர், சினிமால இன்னொருத்தர் வாய் வழியா அதை சென்னைக்குள்ள கொண்டு வந்தார்னு வச்சுக்கலாம். இது என் வியாக்கியானம், அவர் இப்படிச் சொன்னதா எடுத்துக்காதீங்க. 

அதுக்கப்புறம் டிவி மாறிடுச்சு. 2006-ல விஜய் டிவில 'சூப்பர் சிங்கர்' வந்தது. ஜட்ஜ், மார்க், எலிமினேஷன், அழுகை, அப்பா படுற கஷ்டத்துக்கு ஒரு சோக வயலின். சும்மா பழசைப் புகழ்றவன் இல்ல நான். சூப்பர் சிங்கர்ல வந்த குரல்கள் 'பாட்டுக்குப் பாட்டு'ல வந்த குரல்களைவிட எவ்வளவோ மேல, சந்தேகமே இல்ல. ஆனா ரெண்டும் வேற வேற விஷயத்தை அளந்துச்சு. ஒண்ணுல நீங்க எவ்வளவு நல்லாப் பாடுறீங்க. இன்னொண்ணுல உங்களுக்குள்ள எவ்வளவு பாட்டு இருக்கு. சுருதி சேராத ஒரு பேங்க் கிளார்க் ரெண்டாவதுல ராஜா மாதிரி ஜெயிக்கலாம். என் பாட்டிக்கு சூப்பர் சிங்கர்ல இடமே இல்ல. 

நான் வேலை பாக்கிறது டேட்டா பக்கம், அதனால இன்னொண்ணு உறுத்துது. இன்னைக்கு எந்த ஸ்ட்ரீமிங் ஆப்ல வேணாலும் ஒரு தமிழ்ப் பாட்டைத் திறங்க. பேருக்குக் கீழ பெரும்பாலும் இசையமைப்பாளர் இருப்பார், பாடகர் இருப்பார். எழுதினவர் பேரைப் பாக்கணும்னா மூணு புள்ளியை அமுக்கி இன்னொரு பக்கத்துக்குள்ள போகணும். பழைய பாட்டுனா பல நேரம் அங்கேயும் இருக்காது, இல்லைனா தப்பா இருக்கும். 2012-ல காப்புரிமைச் சட்டத்தைத் திருத்தி, பாட்டெழுதினவருக்கும் இசையமைச்சவருக்கும் ராயல்டில ஒரு பங்கு உரிமை குடுத்தாங்க, அதை வேற யாருக்கும் எழுதிக் குடுத்துட முடியாத மாதிரி. டேட்டால பேரே இல்லைனா அந்தப் பங்கு யாரைத் தேடிப் போகும்? கொழும்பு அறிவிப்பாளர்கள் ஒவ்வொரு பாட்டுக்கு முன்னாடியும் வாயால சொன்னது இந்த மெட்டாடேட்டாவைத்தான். அவங்க அதை மரியாதைன்னு நினைச்சாங்க. நாம அதை ஒரு காலி ஃபீல்டா விட்டு வச்சிருக்கோம்.

ஹமீத் தன் அனுபவங்களை 'வானலைகளில் ஒரு வழிப்போக்கன்'னு புத்தகமா எழுதியிருக்கார். புத்தகம் படிக்க நேரமில்லைங்கிறவங்க யூடியூப்ல பழைய 'பாட்டுக்குப் பாட்டு' ஒண்ணு தேடிப் பாருங்க. படத்தைப் பாக்காம இயர்போன்ல கேளுங்க, அவர் எங்க நிறுத்தறார், எங்க விட்டுக் குடுக்கறார்னு அப்போதான் தெரியும். பாட்காஸ்ட் பண்ற எவனுக்கும் அது ஒரு டியூஷன். 

சரி, இந்த வாரத்துக்கு ஒரு எழுத்து குடுக்கறேன். 'ஞா'. நெடில். தமிழ்ப் பாட்டு, வாய்ஸ் நோட்டா அனுப்புங்க, சுருதி பத்திக் கவலையே வேணாம். எல்லாரும் அந்த ஒரே பாட்டை அனுப்பாதீங்க, எதுன்னு உங்களுக்கே தெரியும். ஒரே ஒரு நிபந்தனை, பாட்டெழுதினவர் பேரைச் சொல்லிட்டுத்தான் பாடணும். கூகுள் பண்ணாம.